எந்தக் கண் என்று எழுதுங்கள்

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு, வணக்கம்.

சென்ற வாரம் உங்கள் வேலைவாய்ப்புப் பக்கத்தில் மெடிக்கல் கோடிங் பற்றி ஒரு கட்டுரை வந்தது. உயிரியல் பட்டம் இருந்தால் போதும், நோய்களுக்கு எண் போடும் எளிய வேலை, இரவில் கண்விழிக்கத் தயாராக இருக்க வேண்டும் என்று அதில் இருந்தது. நான் 2013 முதல் திருச்சியில் அந்த வேலையைத்தான் செய்கிறேன். கண் மருத்துவப் பிரிவு. கண்விழிப்பு விஷயத்தில் ஒரு சிறு திருத்தம். எங்களில் பெரும்பாலோருக்கு இது பகல் வேலை. இரவு முழுக்க விழித்திருப்பவர்கள், அமெரிக்கக் காப்பீட்டு நிறுவனங்களைத் தொலைபேசியில் அழைத்து நிலுவையைக் கேட்கும் பிரிவினர். அந்த ஊர் மருத்துவர்கள் வேலையை முடித்துப் படுத்த பிறகு, அவர்கள் எழுதிவைத்ததை நாங்கள் இங்கே காலை டிபனை முடித்துவிட்டு வந்து படித்து, காப்பீட்டுக்காக எண் போடுகிறோம்.

‘எளிய வேலை’ என்றீர்களே, அதற்குத்தான் இந்தக் கடிதம். கொஞ்சம் நீளும். வெட்டுவதானால் என் புலம்பலை வெட்டுங்கள், எண்களை விட்டுவிடுங்கள்.

நான் சேர்ந்தபோது அமெரிக்காவில், நோய்களுக்கு எண் தரும் பன்னாட்டு வகைப்பாட்டின் (ஐ.சி.டி.) ஒன்பதாம் பதிப்பு நடப்பில் இருந்தது. சுமார் 14,000 எண்கள். கண்புரையை எடுத்துச் செயற்கை லென்ஸ் வைத்த பிறகு, அதைத் தாங்கும் பின்னுறை மங்கிப் பார்வையை மறைத்தால் 366.53. எந்தக் கண்ணாக இருந்தாலும் அதே எண்தான். 2015 அக்டோபர் 1 அன்று பத்தாம் பதிப்புக்கு மாறினார்கள். எண்கள் ஏறக்குறைய 70,000 ஆகின. கோழி கொத்தினால்கூட ஓர் எண் உண்டு (டபிள்யூ61.33; நம்பாதவர்கள் தேடிப் பார்க்கலாம்) என்று பயிற்சி வகுப்பில் எல்லோரும் சிரித்தோம். சிரிப்பு அடங்கி உள்ளே புகுந்து பார்த்தபோது தெரிந்தது, எண்கள் இப்படிப் பெருகியதில் கணிசமான பங்கு ஒரே ஒரு கேள்விக்கான விடை: வலதா, இடதா?

கண் நோய்களின் அத்தியாயம் எச்00இல் தொடங்கி எச்59இல் முடிகிறது. அந்தக் கடைசி அறை, சிகிச்சையால் கண்ணுக்கு வந்த தொல்லைகளுக்கு உரியது. அதில் எச்59.0 முழுக்கக் கண்புரை அறுவை சிகிச்சையைத் தொடர்ந்து வருபவை. கருவிழி வீங்கிக் கொப்பளித்தால் எச்59.01. எடுக்கும்போது லென்ஸின் ஒரு துண்டு நழுவி உள்ளே விழுந்துவிட்டால் எச்59.02. விழித்திரையின் நடுவில் நீர் கோத்துக்கொண்டால் எச்59.03. அதற்கும் மேலே ஓர் இலக்கம் உண்டு. வலது கண்ணுக்கு 1, இடதுக்கு 2, இரண்டுக்கும் 3. ‘எந்தக் கண் என்று சொல்லப்படவில்லை’ என்பதற்கு 9. அந்த ஒன்பதைப் போட்டுத் தாளை அனுப்பினால் மறுநாள் எங்கள் தணிக்கையாளர் என் இருக்கைக்கு வந்து நிற்பார். கண்ணுக்கு மருத்துவம் பார்த்த ஒருவருக்கு எந்தக் கண் என்று தெரியாமலா இருக்கும் என்று கேட்பார். நியாயம்தானே?

ஆனால் புரை எடுத்த பின் வருவதெல்லாம் இந்த அறையில் இருக்கும் என்று நினைத்தால் ஏமாந்து போவோம். பின்னுறை மங்குவது பழைய புரையின் தொடர்ச்சியாகக் கருதப்பட்டு எச்26.49க்குப் போய்விட்டது. கண்ணுக்குள் சீழ் வைத்தால் எச்44.0. வைத்த லென்ஸ் இடம்பெயர்ந்தால் கண் அத்தியாயத்திலேயே இல்லை. உடலுக்குள் பொருத்திய கருவிகளின் கோளாறுகளோடு சேர்த்து டி85.22 என்று வேறு வீட்டில் குடியிருக்கிறது. அதன் வாலில் ஏ, டி, எஸ் என்று ஓர் எழுத்தும் சேர வேண்டும். புதிதாக வரும் பிள்ளைகள் ‘ஏ’ என்றால் முதல் முறை வந்தபோது என்று நினைத்துக்கொள்வார்கள். அப்படியில்லை. கோளாறைச் சரிசெய்யும் சிகிச்சை நடந்துகொண்டிருக்கும்வரை பத்தாவது முறை வந்தாலும் ‘ஏ’தான். லென்ஸ் ஒழுங்காக இருந்து, எந்தத் தொல்லையும் இல்லாமல், வெறுமனே கண்ணுக்குள் ஒரு லென்ஸ் இருக்கிறது என்று தெரிவிக்கவும் எண் உண்டு: இசட்96.1. எனக்குப் பிடித்த எண் அது.

இதெல்லாம் மனப்பாடம். ஓர் ஆண்டில் கைக்கு வந்துவிடும். கடினம் வேறிடத்தில் இருக்கிறது. ‘பிறகு’ என்ற சொல்லுக்கும் ‘அதனால்’ என்ற சொல்லுக்கும் நடுவில்.

அறுவை சிகிச்சைக்குப் பிறகு வந்த எல்லாவற்றையும் அறுவை சிகிச்சையால் வந்தது என்று நாங்கள் எழுதிவிட முடியாது. இரண்டுக்கும் காரணத் தொடர்பு இருக்கிறது என்பது மருத்துவரின் குறிப்பில் தெரிய வேண்டும் என்பது விதி. நாங்களாக ஊகிக்கக் கூடாது. தெரியாவிட்டால் மருத்துவருக்குக் கேள்வி அனுப்புவோம். அதிலும் ‘அறுவை சிகிச்சையால்தானே வந்தது?’ என்று பதிலை ஊட்டிவிடுகிற மாதிரி கேட்கக் கூடாது. சாட்சிக்கூண்டில் நிற்பவரைக் கேட்பது போல், வாய்ப்புகளை வரிசையாக வைத்து ‘எது?’ என்றுதான் கேட்க வேண்டும். ஆனால் சர்க்கரை நோய்க்கு விதி நேர்மாறு. ஒரே தாளில் சர்க்கரையும் விழித்திரை நோயும் எழுதப்பட்டிருந்தால், தொடர்பில்லை என்று மருத்துவர் மறுத்து எழுதாதவரை, சர்க்கரையால் வந்ததாகவே கொள்ள வேண்டும். சர்க்கரைக்குச் சாட்சி வேண்டாம், கத்திக்குச் சாட்சி வேண்டும் என்று நாங்கள் எங்களுக்குள் சொல்லிக்கொள்வோம். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், என் அம்மாவின் கதையில் இது வரும்.

அம்மாவுக்கு வயது 67. சர்க்கரை பதினான்கு ஆண்டுகளாக இருக்கிறது, கட்டுக்குள் வைத்திருக்கிறார். வலது கண்ணில் புரை முற்றி, பேருந்தின் எண் பலகை தெரியவில்லை என்று ஆனபோது எங்கள் ஊர் மருத்துவமனை ஒன்றில் சேர்த்தோம். மருத்துவமனையில் குறை சொல்ல எனக்கு ஒன்றுமில்லை. சுத்தமாக இருந்தது. கண் பாப்பாவை விரியவைக்கும் சொட்டு மருந்தை விட்டு வரிசையாக உட்காரவைத்திருந்தவர்களில் ஒவ்வொருவர் நெற்றியிலும் எந்தக் கண் என்று பிளாஸ்திரி ஒட்டியிருந்தார்கள். காலையில் போனவர் மாலையில் கறுப்புக் கண்ணாடியோடு வீடு திரும்பினார். மறுநாள் கட்டை அவிழ்த்ததும் சுவரில் இருந்த தினசரி காலண்டரில் ராகு காலத்தைப் படித்தார். சமையலறைச் சுவர் இவ்வளவு அழுக்கா என்று என்னைத் திட்டினார். புரை எடுத்த எல்லா அம்மாக்களும் முதலில் செய்வது இதுதான் என்று பிறகு பலரும் சொன்னார்கள்.

ஐந்தாவது வாரம் ஒரு காலை, வாசலில் கோலம் போட உட்கார்ந்தவர் பாதியில் எழுந்து உள்ளே வந்தார். “புள்ளி நேராக நிற்கவில்லை. நடுவில் இருக்கிற புள்ளி மட்டும் கரைந்து போகிறது” என்றார். இடது கண்ணை மூடினால் கரைகிறது, வலது கண்ணை மூடினால் இடது கண்ணில் இருக்கிற பழைய மங்கல் மட்டும்தான். நடுப்பகுதி மட்டும், அதுவும் ஐந்தாவது வாரம். எனக்கு எண் உடனே மனதில் ஓடியது. எச்59.031. பெற்ற தாய் கண் தெரியவில்லை என்று நிற்கிறபோது மகளுக்கு இப்படி ஓர் எண் தோன்றுவது நல்லதா கெட்டதா என்று இன்றும் எனக்குத் தெரியவில்லை.

மருத்துவர் பார்த்தார், விழித்திரையை ஸ்கேன் எடுத்தார், திரையில் காட்டினார். பள்ளமாக இருக்க வேண்டிய இடம் மேடாகி, உள்ளே தேன்கூட்டு அறைகள் போலக் கறுப்புக் கறுப்பாக நீர். “லென்ஸ் நன்றாக இருக்கிறது பாட்டி, பயப்படாதீர்கள். சிலருக்கு இப்படி நீர் கோக்கும். சொட்டு மருந்தில் வடிந்துவிடும்” என்றார். அப்படியே வடிந்தது. அதனால் இந்தக் கடிதம் மருத்துவத்தைப் பற்றியது அல்ல.

அன்று கொடுத்த சீட்டை ஆட்டோவில் வரும்போது படித்தேன். தொழில் பழக்கம். ‘சி.எம்.இ.’ என்று நீர்க்கோவைக்கு மூன்று எழுத்து. ‘டி.எம். 14 ஆண்டு’ என்று சர்க்கரைக்கு ஒரு வரி. கீழே நெபாஃபெனாக் சொட்டு மருந்து, பக்கத்தில் ‘ஓ.டி.’. அவ்வளவுதான். நான் நாள் முழுக்கப் படிக்கும் அமெரிக்கத் தாள்களில் ‘ஓ.டி.’ என்றால் வலது கண். லத்தீன் சுருக்கம் அது. இங்கே மருந்துச் சீட்டில் ‘ஓ.டி.’ என்றால் ஒரு நாளைக்கு ஒரு முறை. வலது கண் என்று எங்கும் எழுதாத அந்தச் சீட்டில் வலது கண்ணைக் குறித்தது போல் இருந்த ஒரே சொல் அது. அதுவும் அதைச் சொல்லவில்லை. நம் ஊர்க் கண் மருத்துவர்கள் வலது கண்ணுக்கு ‘ஆர்.இ.’ என்றல்லவா எழுதுவார்கள்!

என் அலுவலகத்தின் காப்பீட்டில் பெற்றோருக்கும் இடம் உண்டு. மருத்துவமனையில் சேர்ந்த அதே நோய்க்கு, வீடு திரும்பிய பின் 60 நாள் வரை ஆகும் செலவையும் கொடுப்பார்கள். இரண்டு ஸ்கேன், மருந்துகள், மருத்துவர் கட்டணம் என 8,740 ரூபாய்க்கு ரசீதுகளை இணைத்து அனுப்பினேன். மூன்றாவது வாரம் மறுப்புக் கடிதம் வந்தது. சேர்ந்தது கண்புரைக்காக, பின்னர் பார்த்தது விழித்திரை நோய்க்காக, நோயாளிக்குச் சர்க்கரை இருக்கிறது, எனவே இது தொடர்பில்லாத வேறு நோய்.

கோபம் வந்தது என்று எழுத ஆசை. உண்மையில் முதலில் வந்தது வெட்கம். அந்தத் தாளை என் மேசைக்கு யாராவது அனுப்பியிருந்தால் நானும் அதை எச்59.03இல் சேர்த்திருக்க மாட்டேன். சேர்க்க விதி இடம் தராது. ஓர் அமெரிக்க மருத்துவரின் குறிப்பில் இதே குறை இருந்தால் கேள்வி எழுதி அனுப்புவேன், அவர் இரண்டே நாளில் ஒரு வரி சேர்த்துத் திருப்பி அனுப்புவார். அம்மாவுக்காக யார் கேள்வி அனுப்புவது? நானே போனேன்.

காப்பீட்டு மேசையில் ஒரு தம்பி. கணினித் திரையின் ஓரத்தில், செலோடேப் பழுத்துப் போன ஒரு துண்டுக் காகிதத்தில் பத்துப் பன்னிரண்டு எண்கள். கண்புரை என்பதற்கு நேரே எச்25.9 என்று எழுதி இரண்டு முறை அடிக்கோடு. முதுமையால் வந்த புரை, எந்த வகை என்று குறிப்பிடப்படவில்லை என்பது அதன் பொருள். “எல்லோருக்கும் இதுதான் போடுவோம் மேடம், போய்விடும்” என்றார். தன்மையான பையன். அவரைச் சொல்லிக் குற்றமில்லை. மருத்துவமனை நிரப்பித் தரும் படிவத்தில் முதன்மை நோய்க்கு ஒரு கட்டம், கூடுதல் நோய்க்கு ஒரு கட்டம், உடன் இருக்கும் நோய்களுக்குக் கட்டங்கள் என்று எல்லாம் இருக்கின்றன. முதல் கட்டத்தைத் தவிர மற்றவை காலியாகவே போகின்றன. அவருக்கு யாரும் சொல்லித் தந்ததில்லை. இதே ஊரில் நூற்றுக்கணக்கானோர் இந்த எண்களில் தேர்வு எழுதிச் சான்றிதழ் வாங்கியிருக்கிறோம். நான் எழுதியபோது 150 கேள்விகள், ஐந்து மணி நாற்பது நிமிடம். நாங்கள் யாருடைய கண்ணுக்கு எண் போடுகிறோம் என்று யோசித்தால் சிரிப்பாக வருகிறது.

பிறகு மருத்துவரைப் பார்த்தேன். இளையவர், பொறுமையாகக் கேட்டார். ஒரே ஒரு வரி வேண்டும் என்றேன். எந்தக் கண், எதைத் தொடர்ந்து வந்தது, சர்க்கரையால் விழித்திரையில் மாற்றம் உண்டா இல்லையா. மூன்றாவதற்கான விடை அவர்கள் கோப்பிலேயே இருந்தது. அறுவை சிகிச்சைக்கு முன் பார்த்தபோது ‘இல்லை’ என்று எழுதியிருந்தார்கள். அவர் பேனாவை எடுத்துவிட்டு நிறுத்தினார். “ஆபரேஷனைத் தொடர்ந்து வந்தது என்று எழுதினால், நாங்கள் ஏதோ தவறு செய்துவிட்டோம் என்று ஆகிவிடாதா?”

இந்த இடத்தில்தான் இந்த விஷயம் முழுவதும் இருக்கிறது, ஐயா. அந்தப் பயம் அவருக்கு மட்டும் உள்ளது அல்ல. அமெரிக்காவிலும் உண்டு. அங்கே முதியோருக்கான அரசுக் காப்பீட்டில், புரை அறுவை சிகிச்சைக்குக் கொடுக்கும் தொகையிலேயே அடுத்த 90 நாள் கவனிப்பும் அடங்கிவிடும். அந்த நாள்களில் தொல்லை வந்து, மறுபடியும் அறுவை அரங்குக்குப் போக வேண்டியிராவிட்டால், தனியாகப் பணம் கிடையாது. எழுதினால் வரவும் இல்லை, பெயரும் கெடுமோ என்ற தயக்கம் அங்கேயும் பேனாவைப் பிடித்து நிறுத்தும். ஆனால் இந்த நீர்க்கோவை, எந்தப் பிசகும் இல்லாமல் நடந்த அறுவை சிகிச்சைக்குப் பிறகும் வரக்கூடியது. 1953இல் இர்வின் என்பவர் எழுதிவைத்து, 1966இல் காஸ் என்பவர் விரிவாக விளக்கி, இருவர் பெயராலும் பாடப் புத்தகங்களில் இருப்பது. எச்59.03 என்ற எண்ணில் ‘யார் தவறு’ என்பதற்கு இலக்கம் கிடையாது. எந்தக் கண் என்பதற்கு மட்டும்தான் இருக்கிறது. இதை அவரிடம் சொன்னேன். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு எழுதினார்: ‘வலது கண். கண்புரை அறுவை சிகிச்சையைத் தொடர்ந்து விழித்திரை நடுவில் நீர்க்கோவை. நீரிழிவு விழித்திரைப் பாதிப்பு இல்லை.’ கையெழுத்து, முத்திரை. அந்த முத்திரைக்காக மட்டும் நான்கு நாள் அலைந்தேன் என்பது தனிக் கதை.

பணம் வந்தது. ஒரு மருந்து ரசீதின் மை மங்கிவிட்டது என்று 312 ரூபாயைப் பிடித்துக்கொண்டார்கள். போகட்டும்.

எனக்குத் திரும்பத் திரும்பத் தோன்றுவது பணத்தைப் பற்றியது அல்ல. அந்த மருத்துவமனையின் கணக்கில் அம்மா இன்னமும் எச்25.9தான். எச்25.9 ஆகச் சேர்ந்து, எச்25.9 ஆக வீடு போனவர். கோலப்புள்ளி கரைந்தது எங்கும் பதிவாகவில்லை. நாளை ஒரே வாரத்தில் ஒரே அரங்கில் அறுவை சிகிச்சை செய்துகொண்ட நான்கு பேருக்குக் கண்ணில் சீழ் வைத்தால், அவர்கள் நால்வரும் எச்44.0 என்று தனியாகத் தெரிந்தால்தானே கிருமி எங்கிருந்து வந்தது, கருவியிலா, திரவத்திலா என்று யாராவது தேடுவார்கள்? எல்லோரும் எச்25.9 என்ற ஒரே மூட்டைக்குள் இருந்தால் அந்த நான்கு பேரும் நூற்றுக்கணக்கான நல்ல அறுவை சிகிச்சைகளுக்குள் கரைந்துபோவார்கள். பார்வையிழப்புத் தடுப்புக்கென்று தேசியத் திட்டத்தை 1976இலேயே தொடங்கிய நாடு இது. முகாம் வைத்துப் பேருந்தில் ஏற்றி வந்து புரை எடுத்து அனுப்பியதில் நம் மாநிலத்துக்கு உலகத்துக்கே சொல்லித் தரும் அளவுக்கு அனுபவம் உண்டு. எத்தனை பேருக்கு எடுத்தோம் என்று சொல்லிவிடுகிறோம். எத்தனை பேர், எந்தக் கண்ணோடு, எதற்காகத் திரும்பி வந்தார்கள் என்று சொல்ல முடியுமா?

அமெரிக்காவின் 70,000 எண்களை இங்கே இறக்குமதி செய்யச் சொல்லவில்லை. உலக சுகாதார நிறுவனத்தின் பத்தாம் பதிப்புதான் நமக்கு. அதில் கண் நோய்களுக்குப் புள்ளிக்குப் பின் ஓர் இலக்கம்தான், வலது இடது கிடையாது. எண்ணில் இடமில்லை என்றால் எழுத்தில் அல்லவா கூடுதலாக எழுத வேண்டும்? டிஸ்சார்ஜ் சம்மரியிலும் பின்னர் வரும்போது தரும் ஒவ்வொரு சீட்டிலும் எந்தக் கண் என்பதை முழுச் சொல்லாக எழுதுங்கள், சுருக்கெழுத்து வேண்டாம். லென்ஸ் பெட்டியில் வரும் ஸ்டிக்கரை நோயாளியின் தாளிலும் ஒன்று ஒட்டிக் கொடுங்கள். தொல்லை ஏதும் வந்தால், அறுவை சிகிச்சையைத் தொடர்ந்து வந்ததா, வேறு காரணமா, இன்னும் தெரியவில்லையா, மூன்றில் ஒன்றை எழுதுங்கள். தெரியவில்லை என்று எழுதுவதிலும் இழிவில்லை. காப்பீட்டு மேசையில் இருக்கும் தம்பிகளுக்கு மருத்துவமனைகள் இரண்டு நாள் வகுப்பு வைக்கட்டும். கூப்பிட்டால் நான் வருகிறேன், காசு வேண்டாம்.

இந்தக் கடிதத்தில் என் வேலையில் பார்த்த எந்த நோயாளியைப் பற்றியும் ஒரு சொல்லும் இல்லை. எழுதினால் என் வேலை போய்விடும். உள்ளே நுழையும்போதே கைபேசியைப் பெட்டகத்தில் வைத்துப் பூட்ட வேண்டும்; மேசையில் பேனாவும் காகிதமும்கூட வைத்துக்கொள்ளக் கூடாது. 1996இல் அமெரிக்கா போட்ட அந்தரங்கப் பாதுகாப்புச் சட்டத்தின் கெடுபிடி அப்படி. அதனால்தான் என் தாயின் கண்ணை எடுத்து எழுதினேன். அவரிடம் கேட்டுவிட்டுத்தான் எழுதுகிறேன். “தாராளமாக எழுது. ஆனால் சுவர் அழுக்கு விஷயத்தை எழுதாதே” என்றார். மன்னிக்க வேண்டும், எழுதிவிட்டேன்.

அடுத்த மாதம் இடது கண். கோப்பு ஏற்கெனவே தயாராக இருக்கிறது. அதன் மேலட்டையில் அம்மாவே பேரனின் சிவப்பு ஸ்கெட்ச் பேனாவை வாங்கி, முழு அட்டையையும் அடைக்கிற மாதிரி எழுதி வைத்திருக்கிறார்: ‘இடது கண்’. அடியில் சின்னதாக, ‘வலது கண் முடிந்தது. நீர் கோத்து வடிந்தது.’

இப்படிக்கு,
மெடிக்கல் கோடர் ஒருவர்,
திருச்சிராப்பள்ளி.
(பெயரை வெளியிட வேண்டாம்)